முள்ளெலிப் பூ வீட்டு பாண்டீஸ்வரி

போடிமெட்டில் இறங்கி பாண்டீஸ்வரி வீடு எது என்று கேட்டால் கொஞ்சம் யோசிப்பார்கள். அந்தப் பெயரில் ஊரில் பல பேர் உண்டு. ‘ஜீப்பு ஓட்டுற ஜக்கையன் சம்சாரம்’ என்று சொன்னால், “அட, முள்ளெலிப் பூ வீடா?” என்று கையை நீட்டிவிடுவார்கள். செக்போஸ்ட்டைத் தாண்டாமல் தமிழ்நாட்டுப் பக்கத்திலேயே, ரோட்டுக்கு மேல் சரிவில் தகரக் கூரை போட்ட வீடு. வைகாசி, ஆனியில் போனால் வாசலுக்கு முன்னால் இடுப்பளவு உயரத்துக்குப் பூ நிற்கும். ஊதாவும் ரோஸும் கலந்த இதழ்கள், நனைந்த குடை போலக் கீழே சாய்ந்திருக்கும். நடுவில் செம்பழுப்பில் ஒரு கூம்பு. தடவிப் பார்த்தால் விரலில் குத்தும்.

அந்தப் பெயரை வைத்தது பாண்டீஸ்வரிதான். அவள் பிறந்தது கீழே ராசிங்காபுரத்தில். குவித்து வைத்த கடலைக்கொடிப் படப்பைப் பிரித்து எடுக்கும்போது அடியில் முள்ளெலி பந்தாகச் சுருண்டு கிடக்கும். எஸ்டேட் பங்களாத் தோட்டத்தில் இந்தப் பூவை முதன்முதலில் பார்த்தபோது அவளுக்கு அதுதான் ஞாபகம் வந்தது. பங்களாவில் மேனேஜர் வீட்டம்மா இதை எக்கினேசியா என்றார். பாண்டீஸ்வரியின் வாயில் அது நுழையவில்லை. “முள்ளெலி மாதிரியில்லம்மா இருக்கு” என்றாள். அந்த அம்மா சிரித்துவிட்டு, அதற்குப் பிறகு தானும் முள்ளெலிப் பூ என்றே சொல்ல ஆரம்பித்தார்.

கல்யாணமாகி மலைக்கு வந்த புதிதில் பாண்டீஸ்வரி ஏலக்காய் எடுக்கத்தான் போனாள். நாளெல்லாம் ஏலச்செடியின் அடியில் குனிந்து குனிந்து இடுப்பு போய்விட்டது. அதற்குப் பிறகு பங்களாச் சமையலுக்குப் போனாள். மழைக்காலத்தில் மேனேஜர் வீட்டம்மாவுக்குத் தொண்டை கட்டினால் அந்தப் பூவையும் இலையையும் காயவைத்து, டீ மாதிரி கொதிக்கவைத்துக் கொடுப்பது அவள் வேலை. அதனால் சளி போயிற்றா, சூடாகக் குடித்ததால் போயிற்றா என்பது யாருக்கும் தெரியாது. குடிக்கிறவருக்குச் சுகமாக இருந்தது, அவ்வளவுதான்.

பிறகு மேனேஜர் மாற்றலாகிக் குடும்பத்தோடு கோட்டயத்துக்குப் போய்விட்டார். எஸ்டேட்காரர்கள் ஏலக்காய் காயவைக்கும் ஸ்டோரைப் பெரிதாக்க நினைத்தார்கள். அதற்கு அவர்கள் தேர்ந்தெடுத்த இடம் பங்களாத் தோட்டம். ஜேசிபி வந்து நின்ற அன்று பாண்டீஸ்வரி உரச்சாக்கோடு போனாள். முள்ளெலிப் பூத் தூர்களை மண்ணோடு அள்ளி நிரப்பினாள். ஜக்கையன் ஜீப்பில் ஏற்றிக்கொண்டு வந்து வாசலில் இறக்கினான்.

“மண்ணையுமா கொண்டாரச் சொன்னேன்? செடியப் புடுங்கிட்டு வந்தாப் போதாதா?” என்று முதுகைப் பிடித்துக்கொண்டு கேட்டான்.

“பழகுன மண்ணுங்க. அதுல இருந்தாத்தான் வெரசா வேர் புடிக்கும்.”

ஏலத்துக்கு நிழல் வேண்டும், இதற்கு வெயில் வேண்டும். மரநிழல் விழாத இடமாகப் பார்த்தாள். மலை மழைக்கு வேர் அழுகிவிடும் என்று சரளையும் மணலும் போட்டு மேடு கட்டி, அதன்மேல் நட்டாள். முதல் மழையில் நத்தைகள் துளிரைத் தின்றுவிட்டுப் போயின. தினமும் விடிந்ததும் நத்தை பொறுக்கி டப்பாவில் போட்டாள். வாடிய பூக்களைக் கிள்ளிவிட்டால் பக்கத்திலேயே புது மொட்டு வருகிறது என்பதைத் தானே கண்டுகொண்டாள். கடைசிப் பூக்களை மட்டும் கிள்ளாமல் விட்டுவிடுவாள். காய்ந்த கூம்பில் சிட்டுக்கள் வந்து உட்கார்ந்து விதை கொத்துவதைப் பார்க்க அவளுக்குப் பிடிக்கும்.

அவள் வாழ்க்கையில் அதுவரை வளர்த்ததெல்லாம் தின்பதற்கோ விற்பதற்கோதான். தக்காளி, அவரை, பீன்ஸ். கண்ணுக்கு அழகாக என்று ஒன்றை வளர்த்தது இதுதான் முதல் தடவை.

அடுத்த வருடம் மேட்டின் ஓரத்தில் தானாகவே சில கன்றுகள் முளைத்தன. விதை விழுந்து முளைத்திருக்கிறது என்று அவளுக்கு ஒரே சந்தோஷம். களை எடுக்கும்போது அவற்றை ஒதுக்கி ஒதுக்கிக் காப்பாற்றினாள். அவை தரையோடு தரையாக, பெரிய இலைகளாக விரித்துக்கொண்டு கிடந்தன. பூக்கவில்லை. ‘இளங்கன்று, அடுத்த வருசம் பூக்கும்’ என்று விட்டுவிட்டாள்.

இதற்கிடையில் கீழ்வீட்டுக்கு சுஜிதா குடிவந்தாள். பூப்பாறைப் பக்கத்துப் பெண். எஸ்டேட் ஆஸ்பத்திரியில் நர்ஸ் வேலை. அவளும் பாண்டீஸ்வரியும் தண்ணீர்க் குழாயடியில் பழகி, குழம்பு மாற்றிக்கொள்கிற அளவுக்கு நெருங்கிவிட்டார்கள். சுஜிதாவுக்கு டியூட்டி மாறி மாறி வரும். அதனால் செடிப் பக்கம் வந்து நிதானமாக நின்று பார்த்தது கிடையாது.

அடுத்த வருட வைகாசியில் கோடை மழை விடாமல் பெய்தது. ஜக்கையனுக்குச் சளி பிடித்துக் குரல் கட்டிவிட்டது. அவனுடைய பிழைப்பு அப்படி. விடியும் முன்னால் ஜீப்போடு போடிக்கு இறங்கவேண்டும். அங்கே காத்திருக்கும் தோட்டவேலைக்காரர்களை ஏற்றிக்கொண்டு மறுபடி மலையேறி, கேரளா எஸ்டேட்டுகளில் கொண்டுபோய் விடவேண்டும். சாயங்காலம் திரும்பக் கொண்டுபோகவேண்டும்.

ஒருநாள் அவன் கிளம்பும்போது பாண்டீஸ்வரி ஃபிளாஸ்க்கைக் கையில் கொடுத்தாள்.

“முள்ளெலிப் பூத் தண்ணி. சூடா இருக்கு. போற வழியில குடிங்க.”

“வந்து குடிச்சுக்கிறேனே.”

“வந்து எங்க குடிப்பீங்க? கீழ போனதும் குடிங்க. முழுசும் குடிக்கணும்.”

அவன் தலையாட்டிவிட்டுப் போனான்.

வழக்கமாக அவள் பூத்த செடியின் பூவையும் இலையையும்தான் பறிப்பாள். முந்தின நாள் பறிக்கப் போனபோது மொட்டு நிறைய இருந்ததால் அந்தச் செடிகளைத் தொட மனசு வரவில்லை. ஓரத்தில் இருந்த கன்றுகள்தான் வெறுமனே கிடக்கின்றனவே, இலையும் வாட்டசாட்டமாக இருக்கிறதே என்று அவற்றில் ஒரு கை பறித்துக் கொதிக்கவைத்தாள்.

வெயில் ஏறியது. ஜீப் மேலே ஏறிவந்து வீட்டைத் தாண்டும்போது ஜக்கையன் எப்போதும் ஹாரன் அடிப்பான். அன்றைக்கு ஹாரன் சத்தம் கேட்கவில்லை. வேலையாட்கள் வரத் தாமதமாகியிருக்கும் என்று நினைத்துக்கொண்டு அவள் துணி துவைத்தாள்.

அப்போதுதான் சுஜிதா வந்தாள். அவளுக்கு அன்று லீவு. “சேச்சி, பூ ரெண்டு தருமோ? ஃபோட்டோ எடுத்து அம்மைக்கு அனுப்பணும்” என்றபடி வாசலுக்கு வந்தவள், மேட்டின் ஓரத்தில் நின்றுவிட்டாள்.

“சேச்சி, இது எந்தா?”

பாண்டீஸ்வரி ஈரத்துணியோடு எட்டிப் பார்த்தாள். ஓரத்துக் கன்றுகளில் பின்னால் இருந்த ஒன்று தண்டு விட்டிருந்தது. முன்செடிகளின் மறைவில் அவள் கவனிக்கவில்லை. தண்டு நெடுக மொட்டுகள். அடியில் இரண்டு மட்டும் விரிந்திருந்தன. கூம்பு இல்லை, சாய்ந்த இதழ் இல்லை. விரல் நுழைகிற குழாய் மாதிரி, உள்ளே புள்ளி புள்ளியாகத் தொங்கும் மணிகள்.

“என்னமோ வேற பூவா இருக்கே” என்றாள் பாண்டீஸ்வரி. அவளுக்கு இன்னும் எதுவும் உறைக்கவில்லை.

“இது டிஜிட்டாலிஸ் சேச்சி. மூணாறுல பங்களாக்கள்ல அழகுக்கு வைப்பாங்க. ஹார்ட்டுக்கு மருந்து எடுக்கிற செடி இது. ஆனா வெறும் இலையத் தின்னா விஷம். ஹார்ட்டு அப்படியே நின்னுபோகும்.” சுஜிதா குனிந்து இரண்டு இலைகளைக் காட்டினாள். “தொடாம பாருங்க. முள்ளெலிப் பூ இலை மாட்டு நாக்கு மாதிரி சொரசொரன்னு இருக்கும், இல்லியா? நரம்பு நேரா ஓடும். இது பாருங்க, சுருக்கம் சுருக்கமா, அடியில வெள்ளையா பஞ்சு மாதிரி. யாரும் இதத் தொடாமப் பாத்துக்கணும்... இலை பறிச்சிருக்கே. யாரு பறிச்சது?”

பாண்டீஸ்வரி இலை பறித்த காம்புகளைப் பார்த்தாள். கையிலிருந்த துணி கீழே விழுந்தது.

“சேச்சி?”

“அவருக்குக் கொதிக்க வச்சுக் குடுத்தேன்” என்றாள். “ஃபிளாஸ்க்கு நெறைய.”

சுஜிதாவின் முகம் மாறியதைப் பார்த்ததும் பாண்டீஸ்வரி உள்ளே ஓடினாள். போனை எடுத்தாள். தொடர்பு எல்லைக்கு வெளியே என்றது. மறுபடி அடித்தாள். அதேதான். அந்த மலைவளைவுகளில் பாதி இடத்தில் சிக்னல் இருக்காது. அது அவளுக்குத் தெரியும். ஆனாலும் அடித்துக்கொண்டே இருந்தாள்.

“ஹாரன் கேக்கலை சுஜி. இந்நேரம் தாண்டிப் போயிருக்கணும். ஜீப்பு நெறைய ஆள் இருப்பாங்களே. வளைவுல வரும்போது அவருக்கு மயக்கம் வந்துட்டா?”

“கரையாதே சேச்சி, அழாதீங்க. வண்டியில ஏறுங்க.”

சுஜிதா ஒரு பிளாஸ்டிக் கவரைக் கையில் மாட்டிக்கொண்டு அந்தத் தண்டை ஒடித்து, கவரைத் திருப்பிச் சுருட்டி எடுத்துக்கொண்டாள். டாக்டருக்குக் காட்ட வேண்டும் என்றாள். இருவரும் ஸ்கூட்டரில் கீழே இறங்கினார்கள்.

மழை பெய்து ரோடெல்லாம் ஈரம். எதிரே ஜீப் வரும்போதெல்லாம் பாண்டீஸ்வரி எழுந்து எட்டிப் பார்த்தாள். அவனுடையது இல்லை. அடுத்ததும் இல்லை. ஒவ்வொரு வளைவிலும் அவள் ரோட்டைப் பார்க்கவில்லை. ரோட்டோரத் தடுப்புச் சுவர் முழுதாக இருக்கிறதா என்றுதான் பார்த்தாள். இருந்தது. ‘இருக்கு, இருக்கு’ என்று வாய்க்குள் சொல்லிக்கொண்டாள். அதை சுஜிதா சாமி பெயர் என்று நினைத்துக்கொண்டாளாம்.

ஒரு ஜீப்பைக் கையைக் காட்டி நிறுத்தி, “அண்ணே, ஜக்கையன் வண்டியப் பாத்தீங்களா?” என்று கேட்டாள்.

“புலியூத்து வளைவுக்குப் பக்கத்துல நிக்குதும்மா. என்னன்னு தெரியல. ஆளுகள்லாம் எறங்கி நிக்காக. நான் லோடோட வந்ததுனால நிறுத்தல.”

அதைக் கேட்டதும் பாண்டீஸ்வரி சுஜிதாவின் தோளைப் பிடித்து உலுக்கினாள். சுஜிதா வண்டியைக் கிளப்பினாள்.

வளைவு திரும்பியதும் ஜீப் தெரிந்தது. பானெட் திறந்திருந்தது. வேலைக்குப் போகிற பெண்கள் தூக்குவாளிகளோடு சுவர்மேல் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். ஜக்கையனைக் காணவில்லை. கிட்டத்தில் போனபோது ஜீப்புக்கு அடியிலிருந்து இரண்டு கால்கள் நீட்டிக்கொண்டிருந்தன. அசையவில்லை.

ஸ்கூட்டர் நிற்பதற்கு முன்னாலேயே அவள் குதித்துவிட்டாள். “ஏங்க!” என்று அவள் போட்ட சத்தத்தில் மேலே மரத்திலிருந்த குரங்குகள் தாவி ஓடின.

கால்கள் உதறின. ஜக்கையன் வெளியே ஊர்ந்து வந்தான். முகமெல்லாம் மை, கையில் ஸ்பேனர்.

“என்னாத்தா? வீட்டுல என்ன? யாருக்கு என்ன?”

“அந்தத் தண்ணியக் குடிச்சீங்களா?”

அவன் ஒரு கணம் விழித்தான். “குடிச்சேனே.”

“முழுசுமா?”

“முழுசும்தான். நீதானே முழுசும் குடிக்கச் சொன்ன.”

பாண்டீஸ்வரி அப்படியே ரோட்டில் உட்கார்ந்துவிட்டாள். சுஜிதா அவன் கையைப் பிடித்து நாடி பார்க்கத் தொடங்கினாள். “அண்ணே, தலை சுத்துதோ? குமட்டல் உண்டோ? கண்ணு மஞ்சளாத் தெரியுதோ?” என்று அடுக்கினாள். அவன் ஒன்றும் புரியாமல் மனைவியையும் அவளையும் மாறி மாறிப் பார்த்தான்.

“விஷம்ங்க” என்றாள் பாண்டீஸ்வரி தரையிலிருந்தே. “வேற செடி. தெரியாமப் பறிச்சுட்டேன். நானே எங்கையாலக் குடுத்துட்டேன்.”

சுவர்மேல் உட்கார்ந்திருந்தவர்களில் ஆயம்மாள் என்கிற பெரியவள் எழுந்து வந்தாள். வருடக்கணக்காக ஜக்கையன் ஜீப்பில் வேலைக்கு வருகிறவள்.

“ஏப்பு, இப்பவும் என்ன மறைச்சுக்கிட்டு? புள்ள உசிரு போகுது பாரு. சொல்லு, இல்லாட்டி நான் சொல்லிப்புடுவேன்.”

ஜக்கையன் தலையைச் சொறிந்தான். கையிலிருந்த கிரீஸ் தலையிலும் ஒட்டியது.

“குடிக்கல” என்றான்.

“என்னது?”

“ஒரு வாய் வச்சேன். கசப்பு தாங்கல. எப்பவும் அப்படி இருக்காது, இன்னைக்கு என்னமோ வேம்பாக் கசந்துச்சு. துப்பிட்டேன். அப்புறமாக் குடிப்போம்னு வச்சிருந்தேன். இங்க வரும்போது வண்டி கொதிச்சுப்போச்சு. டியூப்பு லூசாகித் தண்ணி பூரா ஒழுகிருச்சு. இவங்க பாட்டில் தண்ணி பத்தல. ஃபிளாஸ்க்குல இருந்ததையும் ரேடியேட்டர்ல ஊத்திட்டேன்.” அவன் குரல் இறங்கியது. “நீ மெனக்கெட்டுக் காச்சுனதாச்சே. ஊத்திட்டேன்னு சொன்னா வருத்தப்படுவியேன்னுதான் குடிச்சேன்னு சொன்னேன்.”

“நானும் பாத்தேன்மா. கடைசிச் சொட்டு வரைக்கும் வண்டிக்குத்தான் ஊத்துச்சு” என்றாள் ஆயம்மாள். “பொண்டாட்டிகிட்டச் சொல்லிறாதீகன்னு எங்ககிட்டச் சத்தியம் வேற வாங்குச்சு.”

பாண்டீஸ்வரி எழுந்தாள். அவனை அடிக்கத்தான் கையை ஓங்கினாள். ஓங்கிய கை அவன் சட்டையைப் பிடித்துக்கொண்டது. அத்தனை பேருக்கு முன்னால் அவன் தோளில் முகத்தை வைத்து அழுதாள். ஜக்கையன் மை படிந்த கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் இரண்டு பக்கமும் விரித்துக்கொண்டு நின்றான்.

“அழுகாத. அதான் குடிக்கலையே. வண்டிக்கில்ல குடுத்தேன்.”

சுவர்மேலிருந்து யாரோ களுக்கென்று சிரித்தார்கள். அடுத்தவளும் சிரித்தாள். கடைசியில் பாண்டீஸ்வரிக்கும் அழுகையோடு சிரிப்பு வந்துவிட்டது. சுஜிதா மட்டும் சிரிக்கவில்லை. ஒரு வாய் என்றாலும் வாயில் வைத்தது வைத்ததுதான், ஆஸ்பத்திரிக்குப் போகாமல் தீராது என்றாள். பின்னால் வந்த ஜீப்பில் வேலைக்காரர்களை ஏற்றிவிட்டு, ஒரு வேனில் கணவனையும் மனைவியையும் ஏற்றி, தான் ஸ்கூட்டரில் தொடர்ந்தாள்.

போடி ஆஸ்பத்திரியில் டாக்டர் அந்தத் தண்டைக் கவரோடு வாங்கிப் பார்த்தார். ஜக்கையனைப் படுக்கவைத்து ஈசிஜி எடுத்தார்கள். ரத்தம் எடுத்தார்கள். சாயங்காலம் வரை இருக்கட்டும் என்றார் டாக்டர். பாண்டீஸ்வரி கட்டில் பக்கத்திலிருந்து நகரவில்லை. அவன் கண்ணை மூடினால் தட்டி எழுப்பினாள்.

“தூங்கக்கூட விடமாட்டியா?”

“வீட்டுல வந்து தூங்குங்க.”

சாயங்காலம் மறுபடி ஈசிஜி பார்த்துவிட்டு டாக்டர் வந்தார். “இதயம் நல்லா இருக்கு. துப்புனதுதான் காப்பாத்திச்சு. அதைக் குடிச்சிருந்தா நாம இப்படிப் பேசிட்டிருக்கமாட்டோம்” என்றார். பாண்டீஸ்வரியிடம், “பூப் பாக்காத செடியில இலை பறிக்காதீங்கம்மா” என்றார். அவள் கையெடுத்துக் கும்பிட்டாள். வெளியே வந்ததும் பசித்தது. காலையிலிருந்து மூன்று பேரும் ஒன்றும் சாப்பிடவில்லை. பஸ் ஸ்டாண்டு பக்கம் கடையில் பரோட்டா சாப்பிட்டார்கள். ஜக்கையன் சால்னா கேட்டுக் கேட்டு வாங்கி ஊற்றிச் சாப்பிடுவதைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். அவன் அப்படிச் சாப்பிடுவதைப் பார்க்க அவளுக்கு அதற்கு முன் என்றைக்கும் அவ்வளவு நிம்மதியாக இருந்ததில்லை.

மறுநாள் காலையில் மண்வெட்டியோடு மேட்டில் நின்றாள். அந்தக் கன்றுகளை மட்டுமல்ல, எல்லாவற்றையும் வெட்டிப் போட்டுவிட வேண்டும் என்றாள். சுஜிதாதான் மண்வெட்டியைப் பிடித்துக்கொண்டாள்.

“இதுகள் என்ன பாவம் பண்ணிச்சு? பங்களா மண்ணுல பழைய விதை கிடந்திருக்கு. வெளிச்சம் பட்டதும் முளைச்சிருக்கு. அந்த விதை வருஷக்கணக்கா மண்ணுக்குள்ள கிடக்கும்.”

மேனேஜர் வீட்டம்மாவுக்கு முன்னால் அங்கே குடியிருந்தவர்கள் யாரோ அழகுக்காக வைத்திருக்கவேண்டும். இப்போது யாரைப் போய்க் கேட்பது? இருவரும் கையில் கவர் மாட்டிக்கொண்டு ஓரத்துக் கன்றுகளை வேரோடு பிடுங்கி, ஆடு மாடு தீண்டாத இடத்தில் ஆழமாகக் குழி தோண்டிப் புதைத்தார்கள். மேல்மண்ணைச் சுரண்டி அதே குழியில் போட்டார்கள். பிறகு மாதக்கணக்கில் பாண்டீஸ்வரி அந்த ஓரத்தில் முளைத்த ஒவ்வொரு துளிரையும் குனிந்து பார்த்தாள். சந்தேகமாக இருந்தால் சுஜிதாவைக் கூப்பிட்டாள். அப்படி இன்னும் மூன்று கன்றுகள் மாட்டின. அதற்குப் பிறகு ஒன்றும் வரவில்லை.

முள்ளெலிப் பூ டீ குடிப்பது நிற்கவில்லை. ஆனால் இப்போது அவள் இலை பறிப்பதே கிடையாது. கூம்போடு விரிந்த பூவை மட்டும், கூம்பைத் தடவிக் குத்துகிறதா என்று பார்த்துவிட்டுத்தான் பறிப்பாள். குடிக்கக் கேட்கிறவர்களிடம், “ஒங்களுக்குப் பார்த்தீனியம் பட்டா அரிக்குமா? சாமந்தி ஆகாதா?” என்று முதலில் கேட்பாள். ஆமாம் என்றால் கொடுக்கமாட்டாள். இதுவும் அதே சாதிச் செடி என்று சுஜிதா சொல்லிவைத்திருக்கிறாள். மாத்திரை சாப்பிடுகிறவர்களுக்கும் கொடுப்பதில்லை. “பாக்கத்தான் பூ. பாத்துட்டுப் போங்க” என்பாள்.

புலியூத்தில் நடந்ததை ஆயம்மாள் போடி பூராவும் சொல்லிவிட்டாள். அந்தப் பூவைப் பார்க்கவேண்டும் என்று எஸ்டேட்டுக்குப் போகிற பெண்கள் ஒருநாள் ஜீப்பை நிறுத்தச் சொல்லி இறங்கிவந்தார்கள். ஆயம்மாள் கூம்பை உள்ளங்கையால் அமுக்கிப் பார்த்து, “ஆமா, குத்தத்தான் செய்யுது” என்றாள். தனக்கும் ஒரு வேர் வேண்டும் என்றாள்.

“போடி வெக்கைக்கு வருமான்னு தெரியல பெரியம்மா. காலை வெயில் மட்டும் படுற எடமா வைங்க. தண்ணி தேங்க விட்டுறாதீங்க.”

மழை ஓய்ந்ததும் பாண்டீஸ்வரி பழைய தூர்களைத் தோண்டி, கத்தியால் வகுந்து, ஒவ்வொரு துண்டிலும் வேரும் குருத்தும் இருக்கிறதா என்று பார்த்து, ஈரச்சாக்கில் சுற்றி ஆயம்மாளிடம் கொடுத்தனுப்பினாள். மார்கழியில் ஆயம்மாள் வீட்டுத் தொட்டியில் ஒரு பூ வந்தது. மலைப் பூவின் பாதி அளவுதான். அந்தச் சேதியை ஜக்கையன் கொண்டுவந்து சொன்னபோது பாண்டீஸ்வரி அடுப்படியில் இருந்தாள்.

“கூம்பு இருக்காமா?” என்று கேட்டாள்.

“இருக்கு. குத்துதுன்னு சொல்லச் சொல்லுச்சு.”

“அப்பச் சரி” என்று சொல்லிவிட்டு, அவனுக்குச் சோறு போட்டாள்.